பசியை வென்ற வீரர்கள்!

மாணவச் செல்வங்களே! கள்ளக்குறிச்சியிலிருந்து கச்சிராயப்பாளையம் வழியாகக் கல்வராயன் மலைக்குப் பஸ்ஸில் போயிருக்கிறீர்களா? கோமுகி அணையைப் பார்த்துவிட்டுக் கிளம்பினால், வளைந்து வளைந்து ஏறும் பாதை வெள்ளிமலையில் கொண்டுபோய்ச் சேர்க்கும். ரேஷன் அரிசி, உப்பு, மருந்து, பாடப்புத்தகம் எல்லாம் மலை ஏறுவது இப்படிப்பட்ட பாதைகளில்தான். மரவள்ளிக் கிழங்கு, புளி, கடுக்காய், தேன் எல்லாம் கீழே இறங்கி வருவதும் அப்படியே.

பெருமழையில் ஒரு பாறை உருண்டு பாதையை அடைத்துக்கொண்டால், ஒரே நாளில் எத்தனை சிரமம்! அப்படியென்றால், ஒரு பெரிய நகரத்துக்குப் போகும் எல்லாப் பாதைகளையும் எதிரிகள் 872 நாட்கள் அடைத்து வைத்தால் என்ன ஆகும்? இது கற்பனைக் கதை அல்ல. ரஷ்யாவில் உண்மையாகவே நடந்தது!

மூன்று இட்லி எடை

இரண்டாம் உலகப்போர் நடந்த காலம். 1941ம் ஆண்டு ஜூன் 22ம் தேதி, ஹிட்லரின் ஜெர்மன் படை சோவியத் யூனியன் மீது பாய்ந்தது. ரஷ்யா, உக்ரைன் உள்ளிட்ட பல நாடுகள் அப்போது சோவியத் யூனியன் என்ற ஒரே நாடாக இருந்தன. செப்டம்பர் 8ம் தேதி, லெனின்கிராடு நகரத்துக்கான கடைசி தரைவழிப் பாதையும் அடைபட்டது. அந்த நகரத்தின் இன்றைய பெயர் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்.

நகருக்குள் சுமார் 25 லட்சம் மக்கள் சிக்கிக்கொண்டனர். அவர்களில் லட்சக்கணக்கானோர் உங்களைப் போன்ற குழந்தைகள். 'சண்டை போட்டு நுழைவதைவிட, பட்டினி போட்டே இவர்களை அழித்துவிடலாம்' என்பது ஹிட்லரின் திட்டம்.

நவம்பர் 20ம் தேதி முதல், தொழிலாளர்களுக்கு நாளொன்றுக்கு 250 கிராம் ரொட்டி. குழந்தைகள் உள்பட மற்றவர்களுக்கு 125 கிராம் மட்டுமே! கிட்டத்தட்ட மூன்று இட்லியின் எடை. காலை, மதியம், இரவு எல்லா வேளைக்கும் சேர்த்து அவ்வளவுதான்.

அதுவும் நல்ல மாவில் செய்த ரொட்டி அல்ல. நம் ஊரில் மாட்டுக்கு வைக்கிறோமே பருத்திக்கொட்டைப் பிண்ணாக்கு, அதையும் மரக்கூழையும்கூட மாவில் கலந்தார்கள். வெளியே பூஜ்யத்துக்குக் கீழே 30 டிகிரி குளிர். விறகு இல்லை, மின்சாரம் இல்லை, குழாயில் தண்ணீர் இல்லை.

அந்த நிலையிலும் நகரம் பணியவில்லை. இரவில் விமானங்கள் தீக்குண்டுகளை வீசும்போது, பெரியவர்களுடன் சிறுவர், சிறுமியரும் மொட்டை மாடிகளில் காவல் நின்றனர். விழுந்த குண்டுகளை இடுக்கியால் பிடித்து மணலில் புதைத்து அணைத்தனர். பின்னாளில், லெனின்கிராடைக் காத்தவர்களுக்கான பதக்கம் பல சிறுவர்களின் சட்டையிலும் ஏறியது!

ஏரியின் மேல் லாரி

நகரத்துக்குக் கிழக்கே லடோகா என்ற ஏரி இருக்கிறது. ஐரோப்பாவிலேயே மிகப் பெரிய ஏரி அது. குளிர்காலத்தில் உறைந்துவிடும். 'உறைந்த ஏரியையே பாதையாக்கினால் என்ன?' என்று யோசித்தார்கள்.

பனிக்கட்டியின் கனத்தை அளந்து அளந்து முன்னேறினார்கள். முதலில் குதிரை பூட்டிய சறுக்கு வண்டிகள் போயின. பிறகு, நவம்பர் 22ம் தேதி, லாரிகள் ஏரியின் மேல் இறங்கின. மக்கள் இதற்கு 'வாழ்வுப் பாதை' என்று பெயர் வைத்தார்கள்.

அந்த லாரி டிரைவர்களின் துணிச்சலைக் கேளுங்கள். கடும் குளிரிலும் லாரியின் கதவைத் திறந்து வைத்தபடியே ஓட்டினார்கள். ஏன் தெரியுமா? பனிக்கட்டி பிளந்து லாரி மூழ்கினால், குதித்துத் தப்பிக்க ஒரு நொடிதான் கிடைக்கும். இரவு பகலாக ஓட்டியதால் கண்ணைச் சுழற்றும் தூக்கம் வேறு. தூங்கி விழுந்தால் தலையில் இடிக்கட்டும் என்று, பாத்திரத்தை மேலே கட்டித் தொங்கவிட்டவர்களும் உண்டு!

வேகமாகப் போய்விட்டால் ஆபத்து குறையுமே என்று நினைக்கிறீர்களா? அதுதான் இல்லை. லாரி போகும்போது, பனிக்கட்டிக்கு அடியில் இருக்கும் தண்ணீரில் அலை எழும். ஒரு குறிப்பிட்ட வேகத்தை எட்டினால், அந்த அலை பெரிதாகிப் பனிக்கட்டியைப் பிளந்துவிடும். விஞ்ஞானிகள் இதை அளந்து, எவ்வளவு வேகத்தில், எவ்வளவு இடைவெளி விட்டுப் போகவேண்டும் என்று விதி வகுத்தனர். வழிகாட்டுவதற்காகப் பல இளம்பெண்கள் விளக்குடன் ஏரியின் மீதே நின்றார்கள். மேலே குண்டு வீசும் விமானங்கள், காலுக்குக் கீழே ஆழமான தண்ணீர்!

பலன் கிடைத்தது. டிசம்பர் 25ம் தேதி, குழந்தைகளின் ரொட்டி 125 கிராமிலிருந்து 200 கிராம் ஆனது. அந்த ஒரு குளிர்காலத்தில் மட்டும் சுமார் 3,60,000 டன் சரக்கு நகருக்குள் வந்தது. ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் அதே பாதையில் வெளியேறி உயிர் பிழைத்தார்கள்.

அரிசிக்கு நடுவே பட்டினி

அதே நகரத்தில் இன்னொரு விதமான வீரர்களும் இருந்தார்கள். நிக்கோலாய் வாவிலோவ் என்ற விஞ்ஞானி, உலகமெல்லாம் சுற்றி நெல், கோதுமை, பயறு, உருளைக்கிழங்கு என்று விதவிதமான பயிர்களின் விதைகளைச் சேகரித்திருந்தார். நோய் தாங்கும் பயிரையும் வறட்சி தாங்கும் பயிரையும் உருவாக்க இந்த விதைகள் உதவும், உலகில் பஞ்சமே வராமல் தடுக்கலாம் என்பது அவருடைய கனவு. ஆனால், 1940ல் சோவியத் அரசே அவரைப் பொய்க் குற்றம் சாட்டிச் சிறையில் அடைத்தது. 1943ம் ஆண்டு ஜனவரியில் சரட்டோவ் நகரச் சிறையிலேயே அவர் இறந்துபோனார்.

தலைவர் சிறையில் வாட, அவருடன் வேலை செய்தவர்கள் விதைகளைக் காத்தார்கள். குளிரில் உருளைக்கிழங்கு உறைந்து கெடாமல் இருக்க, கிடைத்த மரச்சாமான்களை எரித்துச் சூடேற்றினார்கள். எலிகளை விரட்ட முறை வைத்துக் கண்விழித்தார்கள்.

அவர்களும் பசியால் வாடியவர்கள்தான். நெல் ஆராய்ச்சியாளர் திமித்ரி இவானோவ், ஆயிரக்கணக்கான அரிசிப் பொட்டலங்களுக்கு நடுவே பட்டினியால் இறந்தார். நிலக்கடலை விதைகளைக் காத்த அலெக்சாண்டர் ஷுக்கின், தன் மேசையிலேயே உயிர் விட்டார். இப்படி இன்னும் சிலரும் இறந்தார்கள். கைக்கெட்டும் தூரத்தில் தானியம் இருந்தும், அதை அவர்கள் வாயில் போடவில்லை!

'பஞ்சம் வந்தாலும் விதைநெல்லில் கை வைக்காதே' என்று நம் ஊர்ப் பெரியவர்கள் சொல்வார்கள். கல்வராயன் மலையில் வாழும் மலையாளிப் பழங்குடி மக்கள், அறுவடையில் நல்ல சாமையையும் தினையையும் அடுத்த விதைப்புக்கென்று எடுத்து வைப்பதும் இதனால்தான். இன்று தின்றுவிட்டால் நாளை நிலத்தில் எதைப் போடுவது? லெனின்கிராடு விஞ்ஞானிகள் உயிரைக் கொடுத்துக் காத்தது இந்தப் பழைய நெறியைத்தான். அந்த ஆராய்ச்சி நிலையம், வாவிலோவின் பெயரைத் தாங்கி இன்றும் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் இயங்குகிறது.

பதக்கம் பெற்ற தமிழ்நாட்டு வீரர்

இந்தப் போரில் நம்மவருக்கும் ஒரு பங்கு உண்டு, தெரியுமா?

சோவியத் நாட்டுக்கு நேச நாடுகள் அனுப்பிய உதவிப் பொருட்கள் போக ஒரு வழி தேவைப்பட்டது. ஈராக்கின் பாஸ்ரா போன்ற துறைமுகங்களில் கப்பலிலிருந்து சரக்கை இறக்கி, ஈரான் நாட்டைக் கடந்து வடக்கே கொண்டுபோனார்கள். சமவெளியில் சுட்டெரிக்கும் வெயில். மலைக் கணவாய்களில் பனி. இந்த வழியாக, அமெரிக்கா அனுப்பிய சரக்கு மட்டுமே சுமார் 40 லட்சம் டன் போய்ச் சேர்ந்தது.

அந்தப் பணியில் இந்திய ராணுவத்தின் போக்குவரத்து, உணவு வழங்கும் பிரிவும் ஈடுபட்டது. அதில் பணியாற்றிய இரண்டு இந்தியர்களுக்கு 1944ல் சோவியத் அரசு 'செந்நட்சத்திர விருது' வழங்கியது. ஒருவர் தமிழ்நாட்டைச் சேர்ந்த சுபேதார் நாராயண ராவ் நிக்கம். இன்னொருவர் இன்றைய உத்தரகாண்ட் மாநிலத்தைச் சேர்ந்த ஹவில்தார் கஜேந்திர சிங் சந்த். கஜேந்திர சிங் பணியின்போது பலத்த காயம் அடைந்தும், ஊர் திரும்பாமல் மீண்டும் வேலைக்கே வந்தவர்.

சிவப்பு நட்சத்திரத்தின் நடுவில், துப்பாக்கி ஏந்திய வீரரின் உருவம் பொறித்த பதக்கம் அது. பாதையில் சரக்கைப் பத்திரமாகக் கொண்டு சேர்ப்பதும் போர்முனையில் நிற்பதற்குச் சமமான வீரம் என்பதற்கு அதுவே சாட்சி!

வீரம் என்பது என்ன?

1944ம் ஆண்டு ஜனவரி 27ம் தேதி லெனின்கிராடு முற்றுகை முழுவதுமாக முறிந்தது. நகரம் வென்றது. ஆனால், அதற்குள் பசியாலும் குளிராலும் குண்டுகளாலும் லட்சக்கணக்கானோர் இறந்திருந்தார்கள். போர் முழுவதிலும் சோவியத் மக்கள் சுமார் 2.7 கோடிப் பேர் மாண்டார்கள். போர் எத்தனை கொடியது என்பதை இந்த எண் சொல்லும்.

செல்லங்களே! வீரர் என்றதும் வாளும் துப்பாக்கியும்தான் நம் நினைவுக்கு வரும். லெனின்கிராடைக் காத்து நின்ற போர்வீரர்கள் பெரும் வீரர்கள்தான். ஆனால், அவர்கள் காத்த நகரத்தை உயிரோடு வைத்திருந்தவர்கள் லாரி ஓட்டியவர்கள், விளக்குப் பிடித்தவர்கள், தீயை அணைத்த சிறுவர்கள். நாளைய உலகத்துக்காக விதையைக் காத்தவர்கள் விஞ்ஞானிகள். பிறர் பசியைத் தன் பசிக்கும் மேலாக நினைத்தார்களே, அதைவிடப் பெரிய வீரம் வேறு உண்டா?

இந்த வாரம் உங்களுக்கு ஒரு சின்ன வேலை. வீட்டில் தாத்தா, பாட்டியிடம் கேளுங்கள். அடுத்த விதைப்புக்கான விதையை அவர்கள் எப்படிப் பாதுகாத்தார்கள்? குதிரிலா, பானையிலா? சாம்பல் கலந்தா, வேப்பிலை போட்டா? அவர்கள் சொல்வதை நோட்டில் எழுதி வையுங்கள். அடுத்த முறை தட்டில் சோற்றை மிச்சம் வைக்கத் தோன்றும்போது, அந்த 125 கிராம் ரொட்டியையும் ஒரு நிமிடம் நினைத்துக்கொள்ளுங்கள்!