கப்பலில் இறங்கும் விமானங்கள்!

நண்பர்களே, ஒரு பெரிய விமான நிலையத்தின் ஓடுதளம் எவ்வளவு நீளம் இருக்கும் தெரியுமா? சுமார் 3 கிலோமீட்டர்! அத்தனை தூரம் ஓடித்தான் பெரிய விமானங்கள் மேலே கிளம்புகின்றன. இறங்கிய பிறகு மெல்ல மெல்ல வேகத்தைக் குறைத்து நிற்கின்றன.

இப்போது கடலுக்கு வாருங்கள். அமெரிக்கக் கடற்படையின் பெரிய விமானம் தாங்கிக் கப்பலின் மொத்த நீளமே சுமார் 333 மீட்டர்தான். அதிலும் ஒரு பகுதியில்தான் விமானம் இறங்க முடியும். கப்பல் ஓரிடத்தில் நிற்காது, ஓடிக்கொண்டே இருக்கும். அலையில் மேலும் கீழும் ஆடும். மணிக்கு சுமார் 240 கி.மீ. வேகத்தில் வரும் விமானம், அந்தத் தளத்தைத் தொட்டு, சுமார் 100 மீட்டருக்குள், இரண்டு மூன்று விநாடிகளில் நின்றாக வேண்டும்!

எப்படி முடிகிறது? விமானத்தின் வாலுக்கு அடியில் ஒரு கொக்கி தொங்கும். கப்பல் தளத்தின் குறுக்கே தடிமனான இரும்பு வடங்கள் கட்டப்பட்டிருக்கும். கொக்கி வடத்தில் மாட்டினால் விமானம் நின்றுவிடும். மாட்டாவிட்டால்? அதைக் கடைசியில் பார்ப்போம். இந்தக் கொக்கி யோசனைக்கு 100 வயதுக்கு மேல் ஆகிறது. முதலில் அந்தக் கதையைக் கேளுங்கள்.

சைக்கிள் டியூப் போட்ட விமானி

1910-ஆம் ஆண்டு நவம்பர் 14. அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலக் கடற்கரையை ஒட்டி 'பர்மிங்காம்' என்ற போர்க்கப்பல் நின்றுகொண்டிருந்தது. அதன் முன்பக்கத்தில் மரப்பலகைகளால் 83 அடி நீளத்துக்கு ஒரு மேடை. மேடையில் ஒரு சின்ன விமானம். விமானி யூஜின் ஈலிக்கு அப்போது 24 வயது.

மேடையின் நுனியைத் தாண்டியதும் விமானம் சரசரவென்று கீழே இறங்கியது! சக்கரங்கள் கடல் நீரைத் தொட்டன. தண்ணீர் தெறித்து ஈலியின் கண்ணாடியை மறைத்தது. ஆனாலும் விமானத்தை எப்படியோ மேலே தூக்கி, கரையில் பத்திரமாக இறக்கிவிட்டார். கப்பலில் இருந்து உலகிலேயே முதன்முதலில் விமானத்தில் கிளம்பியவர் அவர்தான்.

கிளம்பியாயிற்று, இறங்க முடியுமா? 1911-ஆம் ஆண்டு ஜனவரி 18 அன்று, சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவில் நின்ற 'பென்சில்வேனியா' கப்பலை நோக்கி ஈலி பறந்து வந்தார். கப்பலின் மரத்தளத்தில் 22 கயிறுகள் குறுக்காகக் கட்டப்பட்டிருந்தன. ஒவ்வொரு கயிற்றின் இரண்டு முனைகளிலும் மணல் மூட்டைகள். விமானத்தின் அடியில் கொக்கிகள். கொக்கி கயிற்றைப் பிடிக்க, மணல் மூட்டைகள் இழுபட, விமானம் அழகாக நின்றது!

ஈலிக்கு நீச்சல் சரியாகத் தெரியாது. அதனால் காற்றடித்த சைக்கிள் டியூப்களை உடம்பில் சுற்றிக்கொண்டுதான் பறந்தார்! அவ்வளவு துணிச்சல்காரரான அவர், அதே ஆண்டு அக்டோபர் மாதம் ஜார்ஜியா மாநிலத்தில் நடந்த ஒரு விமானக் காட்சியில் விபத்துக்குள்ளாகி உயிரிழந்தார். அப்போது அவருக்கு 25 வயதுகூட நிறையவில்லை.

கடற்படைக்கு விமானம் செய்ய வந்த எல்லோர் முன்னாலும் அன்று முதல் ஒரே கேள்விதான் நின்றது. 'போகிற ஆளை எப்படிப் பத்திரமாகத் திரும்பக் கொண்டுவருவது?'

மோட்டார் சைக்கிளில் இருந்து விமானத்துக்கு

ஈலி ஓட்டிய விமானத்தைச் செய்தவர் கிளென் கர்டிஸ். முதலில் சைக்கிள் பந்தய வீரர். பிறகு மோட்டார் சைக்கிள் தயாரிப்பாளர். 1907-இல் தானே செய்த மோட்டார் சைக்கிளில் மணிக்கு 219 கி.மீ. வேகத்தில் பறந்து உலகையே அசத்தினார். அமெரிக்கக் கடற்படை 1911-இல் வாங்கிய முதல் விமானமும் அவருடையதுதான். 'டிரையட்' என்ற அந்த விமானம் நிலத்திலும் இறங்கும், நீரிலும் இறங்கும்.

1919-இல் கர்டிஸ் நிறுவனமும் கடற்படையும் சேர்ந்து வடிவமைத்த மூன்று பறக்கும் படகுகள் அட்லாண்டிக் பெருங்கடலைக் கடக்கப் புறப்பட்டன. இரண்டு பாதி வழியில் கடலில் இறங்கிவிட்டன. ஒன்று மூழ்கியது; நல்லவேளையாக அதில் இருந்தவர்களை ஒரு கப்பல் காப்பாற்றியது. இன்னொன்று அலைகளில் தத்தளித்தபடி படகு போலவே மிதந்து கரை சேர்ந்தது. 'என்சி-4' மட்டும் இடையிடையே இறங்கி, மே 27 அன்று போர்ச்சுகல் நாட்டின் லிஸ்பன் நகரை அடைந்தது. அட்லாண்டிக்கைக் கடந்த முதல் விமானம் அதுதான்!

ஒரு வேடிக்கை கேளுங்கள். விமானக் காப்புரிமைக்காக ரைட் சகோதரர்கள் கர்டிஸ் மீது வழக்குப் போட்டு, பல ஆண்டுகள் சண்டை நடந்தது. கடைசியில் 1929-இல் இரண்டு பேரின் பெயரையும் தாங்கிய கம்பெனிகள் ஒன்றாகச் சேர்ந்து, 'கர்டிஸ்-ரைட்' ஆகிவிட்டன!

நிலக்கரிக் கப்பல் மாறிய கதை

மரமேடை கட்டினால் போதுமா? முழுக் கப்பலையே ஓடுதளமாக்க வேண்டாமா? 'ஜுபிடர்' என்ற நிலக்கரிக் கப்பலின் தலையில் நீளமான தளத்தை அமைத்து, அதை விமானம் தாங்கிக் கப்பலாக மாற்றினார்கள். 1922-இல் அது 'லாங்லி' என்ற பெயரில் பணியில் சேர்ந்தது. அமெரிக்காவின் முதல் விமானம் தாங்கிக் கப்பல் இதுவே. அந்த ஆண்டு அக்டோபரில் அதிலிருந்து முதலில் கிளம்பிய விமானத்தைச் செய்தது வாட் நிறுவனம்.

பிறகு போயிங், டக்ளஸ் என்று பல நிறுவனங்கள் போட்டி போட்டன. அவற்றில் ஒரு கம்பெனியின் கதை மிகவும் சுவாரசியமானது. அது பிறந்தது ஒரு கார் கராஜில்!

ஒரு ரப்பர், இரண்டு ஜெம் கிளிப்

லீராய் கிரம்மன் என்ற இளம் பொறியாளரும் அவருடைய நண்பர்களும் நியூயார்க்கில் ஒரு விமானக் கம்பெனியில் வேலை பார்த்தார்கள். கம்பெனி கைமாறி வேறு ஊருக்குப் போனது. இவர்கள் போகவில்லை. கையில் இருந்த பணத்தைப் போட்டு, 1930 ஜனவரியில் ஒரு பழைய கராஜில் சொந்தமாகத் தொழில் தொடங்கினார்கள். பழுதான விமானங்களைச் சரிசெய்தார்கள். லாரிகளுக்கு அலுமினியப் பெட்டிகூடச் செய்து கொடுத்தார்கள்!

பறக்கும்போது சக்கரங்கள் உள்ளே மடங்கும் போர் விமானத்தை அமெரிக்கக் கடற்படைக்கு முதலில் செய்து கொடுத்தது இந்தக் கிரம்மன் கம்பெனிதான். ஆனால் சக்கரத்தை மடக்க சுவிட்ச் கிடையாது. விமானி கையால் சுற்ற வேண்டும். பிறகு வந்த 'வைல்ட்கேட்' விமானத்தில் கிட்டத்தட்ட 30 சுற்று! ஒரு கையால் விமானத்தை ஓட்டிக்கொண்டே மறு கையால் சுற்றினால் என்ன ஆகும்? விமானம் தள்ளாடும்!

அடுத்த பிரச்சினை இடம். கப்பலில் விமானங்களை நெருக்கி நிறுத்த வேண்டும். நீட்டிய இறக்கைகள் இடிக்கும். மேல்நோக்கி மடித்தால் கூரை தடுக்கும். கிரம்மன் என்ன செய்தார் தெரியுமா? மேசையில் இருந்த ரப்பர் ஒன்றை எடுத்தார். அதுதான் விமானத்தின் உடம்பு. இரண்டு ஜெம் கிளிப்புகளை நிமிர்த்தி இறக்கைகளாக வைத்தார். வெவ்வேறு கோணங்களில் குத்திக் குத்திப் பார்த்தார். ஒரு குறிப்பிட்ட கோணத்தில் குத்தியதும், கிளிப் திரும்பிப் பின்னால் போய், பறவை இறக்கையை மூடிக்கொள்வது போல ரப்பரின் பக்கவாட்டில் ஒட்டிக்கொண்டது!

அவ்வளவுதான். இரண்டு விமானங்கள் நின்ற இடத்தில் இனி மூன்று நிற்கலாம்.

பெயரோ 'இரும்புப் பட்டறை'

இரண்டாம் உலகப் போரில் ஜப்பானின் 'ஜீரோ' விமானம் வைல்ட்கேட்டைவிட வேகமானது. சட்டென்று வளைந்து திரும்பக் கூடியது. எடையைக் குறைப்பதற்காக அதில் விமானிக்குக் கவசத்தகடு வைக்கவில்லை. வைல்ட்கேட் மெதுவானதுதான். ஆனால் விமானியைக் காக்கத் தகடு உண்டு. குண்டு துளைத்தாலும் தானாகவே ஓட்டையை அடைத்துக்கொள்ளும் பெட்ரோல் டேங்க் உண்டு. சல்லடையாகத் துளைக்கப்பட்ட பிறகும் கப்பலுக்குத் திரும்பி வந்த கிரம்மன் விமானங்களைப் பார்த்து, விமானிகள் அந்தக் கம்பெனிக்கு 'இரும்புப் பட்டறை' என்று செல்லப் பெயர் வைத்தார்கள்.

அடுத்து வந்த 'ஹெல்கேட்' 1942-இல் முதன்முதலில் பறந்தது. மொத்தம் 12,275 விமானங்கள் செய்யப்பட்டன. 1945 மார்ச் மாதத்தில் மட்டும் 605! அதாவது, ஒரு நாளைக்குச் சுமார் 20. ஆண்கள் போருக்குப் போய்விட்டதால் ஏராளமான பெண்கள் அந்தத் தொழிற்சாலையில் வேலை செய்தார்கள். புது விமானங்களை ஓட்டிச் சோதித்தவர்களில் பார்பரா ஜெய்ன், எலிசபெத் ஹூக்கர், டெட்டி கென்யன் என்ற மூன்று பெண்களும் இருந்தார்கள்.

ஆனால் எவ்வளவு வலுவான விமானமும் எல்லோரையும் காப்பாற்றிவிடாது. 1944 செப்டம்பர் 2 அன்று ஜப்பானின் சிச்சி ஜிமா தீவுக்கு மேலே, 'அவெஞ்சர்' விமானம் ஒன்று சுடப்பட்டது. அதை ஓட்டிய 20 வயது இளைஞர் பாராசூட்டில் குதித்தார். ரப்பர் படகில் சில மணி நேரம் தவித்த அவரை ஒரு நீர்மூழ்கிக் கப்பல் மீட்டது. உடன் வந்த இரண்டு பேர் திரும்பவே இல்லை. தப்பிய அந்த இளைஞர்தான், 1989-இல் அமெரிக்க ஜனாதிபதியான ஜார்ஜ் புஷ். இரண்டு நண்பர்களையும் அவர் வாழ்நாள் முழுவதும் மறக்கவில்லை. போர் என்பது விளையாட்டல்ல, நண்பர்களே. சுடப்பட்ட ஜப்பானிய விமானங்களிலும் இளைஞர்கள்தான் இருந்தார்கள்.

ஜெட் வந்தது, தளம் சாய்ந்தது

1946 ஜூலையில் மெக்டோனல் நிறுவனத்தின் 'பேந்தம்' ஜெட் விமானம், அமெரிக்கக் கப்பல் ஒன்றில் இறங்கியது. ஜெட்டுக்கு வேகம் அதிகம். கொக்கி வடத்தைத் தவறவிட்டால், தளத்தின் முன்பகுதியில் நிற்கும் மற்ற விமானங்கள் மீது மோத வேண்டியதுதான்!

பிரிட்டிஷ் கடற்படையினர் இதற்கு ஓர் எளிய வழி கண்டுபிடித்தார்கள். இறங்கும் பாதையைக் கப்பலின் நேர்கோட்டில் வைக்காமல், சற்றே இடது பக்கமாகத் திருப்பிவிட்டார்கள். இப்போது கொக்கி மாட்டாவிட்டாலும் முன்னால் எதுவும் இல்லை, வெறும் கடல்தான். விமானம் மறுபடி மேலே எழும்பி, ஒரு சுற்று வந்து திரும்ப முயலலாம்.

அதனால்தான், இன்றும் ஜெட் விமானிகள் தளத்தைத் தொட்ட அந்த விநாடியே இன்ஜினின் வேகத்தைக் குறைப்பதற்குப் பதில் முழுமையாகக் கூட்டுகிறார்கள்! நாம் முதலில் விட்டுவைத்த கேள்விக்கு விடை இதுதான்.

நிலாவில் இறங்கிய கிரம்மன்

கொரியப் போரின்போது, 1951-இல், கிரம்மனின் 'பேந்தர்' ஜெட்டை ஓட்டிய ஓர் இளம் விமானி, குறுக்கே கட்டியிருந்த ஒரு கம்பியில் மோதினார். இறக்கையின் நுனி துண்டாகிப் போனது. அப்படியும் விமானத்தைத் தன் பக்கத்து எல்லைக்குள் கொண்டுவந்து, பிறகே வெளியே குதித்து உயிர் தப்பினார். அவர் யார் தெரியுமா? நீல் ஆம்ஸ்ட்ராங்!

18 ஆண்டுகள் கழித்து, 1969 ஜூலை 20 அன்று அவரும் பஸ் ஆல்டிரினும் நிலாவில் இறங்கினார்கள். அவர்கள் இறங்கிய 'ஈகிள்' கலத்தைச் செய்ததும் அதே கிரம்மன் கம்பெனிதான்! இரும்புப் பட்டறை என்று பெயர் வாங்கியவர்கள், இந்த முறை சில இடங்களில் காகிதம் போல மெல்லிய அலுமினியத் தகட்டில் வேலை செய்தார்கள்.

1970 ஏப்ரலில் அப்போலோ 13 விண்கலத்தில் ஆக்சிஜன் தொட்டி வெடித்தது. இரண்டு பேர் இரண்டு நாள் இருக்கச் செய்யப்பட்ட கிரம்மனின் 'அக்வாரியஸ்' கலத்தில், மூன்று பேர் சுமார் நான்கு நாட்கள் ஒடுங்கிக் கிடந்து உயிரோடு வந்து சேர்ந்தார்கள். பிறகு, 'உங்கள் கலத்தை இவ்வளவு தூரம் இழுத்து வந்ததற்குக் கூலி' என்று மற்றப் பகுதியைச் செய்த கம்பெனிக்குக் கிரம்மன்காரர்கள் விளையாட்டாக ஒரு பில் அனுப்பினார்கள்!

1994-இல் கிரம்மன், நார்த்ராப் கம்பெனியோடு இணைந்தது. மெக்டோனலும் டக்ளஸும் 1967-இல் ஒன்றாகி, 1997-இல் போயிங்குடன் சேர்ந்தன. ஆனால் 'ஹாக்ஐ' என்ற கண்காணிப்பு விமானம் நார்த்ராப் கிரம்மன் பெயரில் இன்றும் கப்பல்களில் இறங்குகிறது. கப்பலில் நிறுத்தும்போது அதன் இறக்கைகள் எப்படி மடங்கும்? அந்த ரப்பரும் கிளிப்பும் காட்டிய அதே வழியில்தான்!

பெயருக்குள் ரகசியம்

1962 வரை அமெரிக்கக் கடற்படை விமானத்தின் பெயரைப் பார்த்தே கம்பெனியைக் கண்டுபிடிக்கலாம். ஹெல்கேட்டின் பெயர் 'எஃப்6எஃப்'. முதல் 'எஃப்' என்றால் போர் விமானம். '6' என்றால் அந்தக் கம்பெனியின் ஆறாவது போர் விமானம். கடைசி 'எஃப்' கிரம்மனின் அடையாள எழுத்து. வாட் கம்பெனிக்கு 'யு'. போயிங்குக்கு 'பி'. அப்படியானால் 'எஃப்4பி' என்பது எது? கண்டுபிடியுங்கள், விடை கடைசியில்!

அரக்கோணத்தில் ஒரு உறவினர்

அமெரிக்கக் கடற்படை பயன்படுத்தும் 'பி-8' விமானத்தின் உறவினர் நம் அரக்கோணத்திலேயே இருக்கிறார்! அங்குள்ள இந்தியக் கடற்படையின் ராஜாளி தளத்துக்கு, 2013-இல் போயிங்கின் 'பி-8ஐ' விமானம் வந்தது. பயணிகள் செல்லும் போயிங் 737 விமானத்தின் வடிவத்தில் இருந்து உருவானது இது. கப்பலில் இறங்காது, ஆனால் கடலுக்கு அடியில் ஒளிந்திருக்கும் நீர்மூழ்கிகளைத் தேடிக் கண்டுபிடிக்கும்.

நண்பர்களே, உங்கள் ஜியாமெட்ரி பாக்ஸைத் திறந்து ஒரு ரப்பரையும் இரண்டு ஜெம் கிளிப்புகளையும் எடுங்கள். கிளிப் விமானத்தின் இறக்கை போல நீட்டியும் நிற்க வேண்டும். திருப்பினால் ரப்பரின் பக்கத்தில் படிந்தும் கொள்ள வேண்டும். எந்தக் கோணத்தில் குத்தினால் நடக்கும்? நீங்களே குத்திப் பாருங்கள்!

(விடை: போயிங் கம்பெனியின் நான்காவது போர் விமானம்.)