குளியற்தொட்டியில் ஓர் அழையா விருந்தாளி
வீட்டுச் சிலந்தியை இனங்காண்பது எவ்வாறு?

புரட்டாதி பிறந்து குளிர் தலைகாட்டத் தொடங்கியதும், ஐரோப்பிய நாடுகளில் வாழும் எம்மவர் இல்லங்களில் ஒரு காட்சி ஆண்டுதோறும் தவறாது அரங்கேறுகின்றது. காலையில் குளியலறைக்குள் நுழைந்த பிள்ளை அலறியபடி வெளியே ஓடிவருகின்றது. வெண்ணிறத் தொட்டியின் நடுவே, உள்ளங்கையளவுக்குக் கால் விரித்து, கபில நிறச் சிலந்தியொன்று அசையாது கிடக்கின்றது. தாய் தும்புத்தடியைத் தேடுகின்றார். தந்தை பூச்சிகொல்லியைத் தேடுகின்றார்.

இது அஞ்சத்தக்க உயிரினம்தானா? அடிக்குமுன் சற்று உற்று நோக்குவோம்.

முதலாவது அடையாளம் அதன் வலையாகும். கதவுகளில் நாம் காணும் சக்கர வடிவ வலையன்று இது. சுவர் மூலையில் தட்டையான துணி விரித்தாற்போல் அமைந்து, உள்நோக்கி ஒடுங்கிப் புனல் வடிவான குழாயாக முடியும். இவ்வலையில் பசைத்தன்மை இல்லை. குழாயின் வாயிலில் காத்திருக்கும் சிலந்தி, இரை விரிப்பில் கால் வைத்த அதிர்வை உணர்ந்ததும் பாய்ந்து பற்றும்.

இரண்டாவது அடையாளம் உடலின் பின்முனையில் உள்ளது. நூல் நூற்கும் உறுப்புகளில் இரண்டு நீண்டு, சிறு வால்களைப் போல் வெளியே தெரியும். எட்டுக் கண்களும் இரு வரிசைகளில் அமைந்திருக்கும்.

இவ்வகையில் வீடுகளில் பெரிதும் காணப்படுவன இரண்டு. சிறிய வீட்டுச் சிலந்தியின் உடல் ஏறத்தாழ 6 முதல் 12 மில்லிமீற்றர் வரை நீளமானது. அதன் கால்களில் மங்கிய கருவளையங்கள் இருக்கும். பெரிய வீட்டுச் சிலந்தியின் உடல் 18 மில்லிமீற்றர் வரை வளரும்; கால்களில் வளையங்கள் இரா. தலைப்பகுதியின் முன்புறத்தில் இரு சிறு உருண்டைகளைத் தாங்கியிருப்பின் அது ஆண். இலையுதிர்காலத்தில் இணை தேடி வலையை விட்டு அலைவது பெரும்பாலும் ஆண் சிலந்தியே. அது கழிவுநீர்க் குழாய் வழியே ஏறி வருவதில்லை. தொட்டிக்குள் தவறி விழுந்தபின், வழுவழுப்பான சுவரில் ஏற இயலாது அகப்பட்டுக் கிடக்கின்றது.

மனிதரை இவை கடிப்பது மிக அரிது. கடித்தாலும் சிறிது எரிவுடன் தீரும்.

எனினும், இக்குடும்பத்தைச் சேர்ந்த ஓரினம் நெடுங்காலம் அவப்பெயர் சுமந்தது. ஐரோப்பாவின் வயல்வெளிகளில் வாழும் அச்சிலந்தி, 1930களில் அமெரிக்காவின் சியாற்றில் பகுதியில் காணப்பட்டது. முயல்களில் நடத்திய ஆய்வை ஆதாரமாகக் கொண்டு, அதன் கடியால் தசை அழுகும் என 1980களில் கூறப்பட்டது. 2001இல் வெளியான மற்றோர் ஆய்வில் அம்முடிவு மீண்டும் கிடைக்கவில்லை. ஆறாத புண்ணை உண்டாக்கும் ஆற்றலோ, கொடிய கிருமிகளைப் பரப்பும் தன்மையோ அதற்கு உண்டென்பதற்கு 2011இல் வெளிவந்த ஆய்விலும் சான்று தென்படவில்லை. ஐரோப்பாவிலோ அதே இனத்தின்மீது இத்தகைய பழி எழவேயில்லை.

இங்கே நாம் ஊன்றிக் கவனிக்கவேண்டிய உண்மையொன்று உண்டு. தமிழில் 'சிலந்தி' என்னும் சொல் எட்டுக்கால் உயிரியை மட்டுமன்றி, உடலில் தோன்றும் கட்டியையும் குறிக்கும். சொல்லில் உள்ள இந்த உறவு சிந்தனையிலும் ஒட்டிக்கொண்டுவிட்டது. காலிற் புண் தோன்றினால் 'சிலந்தி கடித்திருக்கும்' என்று தாமே தீர்ப்பளித்து, மஞ்சள் பூசிக் காத்திருப்போர் இன்றும் உளர். கடித்த சிலந்தியை எவரும் கண்டிருப்பதில்லை. உண்மையில் அப்புண் பற்றீரியாத் தொற்றாக இருக்கலாம். நீரிழிவின் விளைவாகவும் இருக்கலாம். நீரிழிவு மலிந்த எமது சமூகத்தில் இத்தாமதம் காலையே பறிக்கக்கூடும். புண் பரவினாலோ, காய்ச்சல் கண்டாலோ சிலந்திமேற் பழிபோடாது உடனே மருத்துவரை நாடுக.

அவுஸ்திரேலியாவில் வாழும் உறவுகளுக்கு மாத்திரம் தனியானதோர் எச்சரிக்கை. சிட்னிப் புனல்வலைச் சிலந்தி பெயரளவிலேயே இவற்றை ஒத்தது. இனத்தால் முற்றிலும் வேறானது. பளபளக்கும் கருநிறமும் பருத்த உடலும் கொண்ட அதன் நஞ்சு உயிராபத்தானது. 1981இல் மாற்று மருந்து பயன்பாட்டுக்கு வந்தது. அது கடித்தால் கடிபட்ட காலையோ கையையோ இறுகக் கட்டி, அசையாது வைத்து, மருத்துவமனைக்கு விரைதல் வேண்டும்.

ஐரோப்பிய வீட்டுச் சிலந்திக்கோ ஒரு கண்ணாடிக் குவளையும் ஒரு தடித்த காகிதமும் போதும். குவளையாற் கவிழ்த்து, காகிதத்தை அடியிற் செருகி, வாகனக் கொட்டகையிலோ நிலவறையிலோ விட்டுவிடலாம். பிள்ளையையும் அருகில் அழைத்துக் காட்டுங்கள். கால்களில் வளையம் உண்டா, முன்புறத்தில் உருண்டைகள் உண்டா என்று அது தேடத் தொடங்கும்போது, அலறல் தானாகவே அடங்கும்.