விசாரணையின்றி விலக்கலாமா?

கடமையில் தவறிய உத்தியோகஸ்தரை விலக்கும் அதிகாரம் சர்க்காருக்கு இருக்கத்தான் வேண்டும். அதை மறுப்பார் எவருமிலர். விலக்குமுன், குற்றம் இன்னதென்று அவருக்குச் சொல்லி, அவர் கூறுவதையும் கேட்க வேண்டாமா என்பதே கேள்வி. இதற்கு நமது நாட்டில் விடை கிடைக்க வெகுகாலம் பிடித்தது. இன்றுங்கூட முழு விடை கிடைத்துவிட்டதாகச் சொல்லுவதற்கில்லை.

சென்னை சர்க்கார் அச்சகத்தில் அச்சுப்பிழை திருத்தும் வேலையிலிருந்த ஒருவர், பரீட்சைக் கேள்விகள் வெளியான விஷயத்தில் சந்தேகிக்கப்பட்டு நீக்கப்பட்டார். நீக்குமுன் முறையாக விசாரிக்க வேண்டுமென்று அக்காலத்து விதிகளே கூறின. அவர் நியாயந் தேடி லண்டன் பிரிவி கவுன்சில் வரையில் சென்றார். 1937-ஆம் வருஷத்துச் சட்ட ஏடுகளில் காணும் அத்தீர்ப்பு மிக விசித்திரமானது. உத்தியோகம் மன்னர்பிரானின் திருவுள்ளம் உள்ளவரையில்தான். ஆயினும் மனம்போன போக்கில் எவரையும் நீக்காமல் விதிப்படி நடப்பதாகச் சட்டம் உறுதி கூறுகிறது என்றார்கள். நல்லது, அவ்வுறுதி மீறப்பட்டால்? கோர்ட்டில் வழக்காட வழியில்லை, மேலதிகாரிகளுக்கு மனுச் செய்துகொள்ளலாம் என்றார்கள்! அடித்தவனிடமே போய் அழுதுகொள் என்பதற்கும் இதற்கும் அதிக தூரமில்லை. ஆனால் அதே சமயத்தில் வந்த மற்றொரு சென்னை வழக்கில், நியமித்தவருக்குத் தாழ்ந்த அதிகாரி பிறப்பித்த நீக்க உத்தரவு செல்லாதென்று அதே கவுன்சில் கூறியதையும் ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும்.

1950-இல் அமுலுக்கு வந்த அரசியல் சட்டத்தின் 311-வது ஷரத்து இக்குறையைப் பெரும்பாலும் தீர்த்தது. குற்றச்சாட்டைத் தெரிவித்து, பதில் சொல்லத் தக்க சந்தர்ப்பம் அளித்த பிறகே நீக்கலாம். தவறினால் கோர்ட்டு தலையிடும். சில விலக்குகள் உண்டு. ஆனால் இந்தக் குடையின் நிழல் அனைவர்மீதும் விழவில்லை. ஒப்பந்தப்படி முன்னறிவிப்புக் கொடுத்து வேலையை முடித்தால் 311 குறுக்கே வராதென்று 1953-இல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. சர்க்கார் கார்ப்பொரேஷன்களிலும் கம்பெனிகளிலும் உழைப்பவர்களுக்கோ அந்த ஷரத்தே பொருந்தாது.

கல்கத்தாவில் உள்நாட்டு நீர்வழிப் போக்குவரத்தை நடத்திய சர்க்கார் கம்பெனி ஒன்று, தன் அதிகாரி ஒருவரிடம் கவனக்குறைவென்று விளக்கம் கேட்டது. பதில் வந்தது. விசாரணை நடக்கவில்லை, மூன்று மாதச் சம்பளத்துக்குச் செக்குத்தான் வந்தது. 1986-இல் சுப்ரீம் கோர்ட்டு அவ்விதியையே செல்லாததாக்கிற்று. வேலை கொடுப்பவன் நீட்டிய பத்திரத்தில் கையெழுத்திடுவதைத் தவிர ஏழைக்கு வேறு கதியில்லாதபோது, அதைச் சம்மதம் என்று எப்படிச் சொல்வது என்று நீதிபதிகள் கருதினார்கள். பலமும் பலவீனமும் எதிரெதிரே உட்கார்ந்து எழுதும் ஒப்பந்தத்தைப்பற்றி இதைவிடத் தெளிவாக ஒரு கோர்ட்டு பேசியதாக நமக்குத் தெரியவில்லை. 1990-இல் டில்லிப் போக்குவரத்துக் கார்ப்பொரேஷன் வழக்கிலும் இத்தகைய விதி வீழ்ந்தது.

நம் மாகாணமும் இதில் ஒரு பாடம் கண்டது. 2003 ஜூலை வேலைநிறுத்தத்தின்போது, அவசரச் சட்டத்தைக் கொண்டு சுமார் 1,70,000 பேர் விசாரணையின்றி நீக்கப்பட்டனர். சர்க்கார் ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை இல்லையென்று சுப்ரீம் கோர்ட்டு சொன்னது வாஸ்தவமே. ஆயினும் அதன் யோசனையின்மேல் பெரும்பாலோரைத் திரும்ப எடுக்க சர்க்கார் இசைந்தது. எஞ்சியவர்களின் முறையீட்டை ஓய்வுபெற்ற ஹைகோர்ட்டு நீதிபதிகள் கேட்க ஏற்பாடாயிற்று. கேட்பதை முதலிலேயே செய்திருந்தால் இத்தனை குடும்பங்கள் ஒரு மாதம் தவித்திரா.

விசாரணையென்றால் வருஷக்கணக்கில் இழுக்குமே என்பர் சிலர். இழுப்பது இலாகாவின் குற்றம், ஊழியரின் குற்றமன்று. மேலும், அவசரத்தில் பிறந்த உத்தரவு கோர்ட்டில் ரத்தானால் பாக்கிச் சம்பளத்தைக் கொடுப்பது வரி செலுத்தும் ஜனங்களே.

இன்று ஆஸ்பத்திரியிலும் ஆபீஸிலும் ஒப்பந்த ஊழியர் பெருகி வருகின்றனர். "இனித் தேவையில்லை" என்ற ஒற்றை வரியில் அவர்கள் கணக்கு முடிகிறது. சாதுவான அவ்வரிக்குள் தண்டனை மறைந்திருந்தால் கோர்ட்டு அதைத் தண்டனையாகவே பார்க்குமென்பது 1957 முதல் நிலைத்த கொள்கை. ஆனால் சம்பளம் நின்றவர் வக்கீலுக்கு எங்கே போவார்? காரணத்தை எழுத்தில் தெரிவித்தல், பதிலுக்குப் பதினைந்து நாள் தவணை, உத்தரவிட்டவரல்லாத வேறோர் அதிகாரியிடம் அப்பீல் — நியமனப் பத்திரத்திலேயே இம்மூன்றையும் சேர்க்கலாம். இதற்குப் புதுச்சட்டங்கூட வேண்டியதில்லை. இலாகாத் தலைவர்களின் ஓர் உத்தரவு போதும்.