தகவல் துளி: நடராஜரின் நான்கு கைகள்

மலேசியாவின் சுங்கை பட்டாணி, பீடோங், கூலிம் வட்டாரக் கோயில்களுக்குப் போகிறவர்களுக்கு நடராஜர் புதியவர் அல்லர். ஆனால், அந்த நான்கு கைகளும் என்ன சொல்கின்றன?

பின் வலக்கையில் உடுக்கை: அது படைப்பின் ஒலி. பின் இடக்கையில் தீ: அது அழித்தல். முன் வலக்கை 'அஞ்சாதே' என்கிறது. முன் இடக்கையோ தூக்கிய திருவடியைக் காட்டுகிறது, அங்கேதான் விடுதலை. ஊன்றிய காலின் கீழே கிடக்கும் முயலகன், நம் அறியாமை.

நம் சைவ நூல்கள் சொல்லும் இந்தப் பொருளை மேலைநாட்டாருக்கு விளக்கியவர்களில் முதன்மையானவர் கலை வரலாற்றறிஞர் ஆனந்த குமாரசுவாமி. 1877-இல் கொழும்பில் பிறந்தவர். தந்தை இலங்கைத் தமிழர் சர் முத்துக் குமாரசுவாமி; தாயார் ஆங்கிலேயர். முதலில் நிலவியல் படித்து, இலங்கையில் கனிம ஆய்வுக்குத் தலைமை தாங்கினார். பிறகு கலைப்பக்கம் திரும்பி, 1917-இல் அமெரிக்காவின் பாஸ்டன் நுண்கலை அருங்காட்சியகத்தில் சேர்ந்தார். அடுத்த ஆண்டே 'சிவ நடனம்' என்னும் அவருடைய கட்டுரைத் தொகுப்பு ஆங்கிலத்தில் வெளியானது.

இடைக்கால ஐரோப்பாவின் கிறிஸ்தவக் கலைக்கும் இந்தியக் கலைக்கும் அடிப்படை ஒன்றே என்றார் அவர். இரண்டிலும் உருவம் வெறும் அழகுக்காக அன்று, வழிபாட்டுக்காக. மறுமலர்ச்சிக் காலத்துக்குப் பிறகு ஐரோப்பியக் கலை அந்தப் பாதையிலிருந்து விலகியது என்பது அவர் கருத்து.

அடுத்த முறை கோயிலில் நடராஜரைக் கண்டால், உடுக்கையில் தொடங்கித் திருவடி வரை உங்கள் பிள்ளைகளுக்கு விளக்கிச் சொல்லுங்கள்.