ஆயிரம் கேலனுக்கு முப்பது காசு

1991-ஆம் ஆண்டில் மழை பொய்த்து, மலாக்கா மாநிலத்தின் பிரதான நீர்த்தேக்கமாகிய டுரியான் துங்கால் அணை வறண்டு, நகரத்துக் கடைக்காரரும் தோட்டத்துப் பால்மரத் தொழிலாளரும் பேதமின்றித் தண்ணீருக்கு முறை பார்த்துக் காத்திருக்க நேர்ந்த காலத்தை, இன்று ஐம்பது வயதைக் கடந்த மலாக்காவாசிகள் மறந்திருக்க மாட்டார்கள். குழாயைத் திருகினால் தானே வரும் என்று நாம் நம்பியிருந்த ஒரு பொருளுக்கும் மதிப்பு உண்டு என்பதை அந்த ஆண்டு உணர்த்திற்று. ஆனால் அந்த மதிப்பு எவ்வளவு, அதை யார் எப்படிக் கணிப்பது என்ற கேள்விக்கு இன்றளவும் திருப்தியான விடை கிடைத்தபாடில்லை.

மலாக்கா தனக்கு வேண்டிய நீர் முழுவதையும் தன் எல்லைக்குள்ளேயே பெறுவதில்லை. அண்டை மாநிலமாகிய ஜொகூரின் மூவார் ஆற்றிலிருந்தும் இறைத்துக்கொண்டு வருகிறது. அந்த நீருக்கு மலாக்கா ஆயிரம் கேலனுக்கு 30 காசு கொடுத்துவந்ததை, மகாதீர் முகமது இரண்டாம் முறை பிரதமராக இருந்தபோது, சிங்கப்பூருடன் எழுந்த விலைத் தகராற்றில் எடுத்துக்காட்டினார். சிங்கப்பூரோ 1962-ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி, ஜொகூர் ஆற்று நீருக்கு அதே ஆயிரம் கேலனுக்கு 3 காசுதான் கொடுக்கிறது. ஆயிரம் கேலன் என்பது ஏறத்தாழ 4,500 லிட்டர். ஒரே மாநிலத்து ஆறுகள், ஒரே வானத்து மழை, விலையிலோ பத்து மடங்கு வித்தியாசம்! இவ்விரு தொகைகளில் எதுவும் நீரின் மதிப்பு அன்று. அந்தந்தக் காலத்தில் மேசைக்கு இருபுறமும் அமர்ந்தவர்கள் பேசி முடித்த கிரயம், அவ்வளவே. மழையை வேரடியில் தேக்கி வைத்து, வெயிற்காலத்திலும் சிறுகச் சிறுக ஆற்றுக்கு விட்டுக்கொண்டிருக்கும் காட்டின் பங்கு இது என்று அந்த முப்பது காசில் எதையும் பிரித்துக் காட்ட இயலாது.

காட்டைக் கணக்கில் சேர்க்காத வழக்கம் மலாக்காவில் பழையது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் மரவள்ளி பயிரிடுவதற்காகக் காடுகளை அழித்து, மண் சத்திழந்ததும் அடுத்த காட்டுக்கு நகர்ந்து சென்ற முதலாளிகள், தமக்குப் பின்னால் லாலாங் புல்வெளிகளை விட்டுச் சென்றனர். மரவள்ளி மாவு விற்ற பணம் கணக்கேட்டில் ஏறிற்று, காடு போன நஷ்டம் எந்த ஏட்டிலும் ஏறவில்லை. மரவள்ளித் தோட்டக்காரராகவே தொழில் செய்த டான் சாய் யான் 1896-இல் புக்கிட் லிந்தாங்கில் 40 ஏக்கரில் ரப்பர் நட்டு, பின்னர் புக்கிட் அசகானில் ஆயிரக்கணக்கான ஏக்கருக்கு அதனை விரித்தார். அவ்வழியே தோட்டங்கள் பெருகி, நம் முன்னோர் கப்பலேறி வந்த கதை வாசகர்கள் அறிந்ததே.

சந்தையில் விற்காத பொருளுக்கு மதிப்பிடப் பொருளாதார சாஸ்திரிகள் பல உபாயங்களைக் கையாளுகிறார்கள். அப்பொருள் இல்லாதபோது அதன் வேலையைச் செய்விக்க என்ன செலவாகும் என்று பார்ப்பது ஒன்று: காடு தேக்கியிருக்கக்கூடிய நீருக்குப் பதிலாக அணையும் இறைப்பு நிலையமும் மாநில எல்லை தாண்டிய குழாயும் அமைப்பதற்கு ஆகும் செலவு, காட்டின் மதிப்பில் ஒரு பகுதியேனும் ஆகும். 1947-இல் அமெரிக்கத் தேசியப் பூங்கா இலாகாவுக்குப் பொருளாதார அறிஞர் ஹரோல்டு ஹோட்டலிங் எழுதிய கடிதத்தில் தோன்றிய மற்றொன்று, ஓரிடத்துக்குப் போய்வர மக்கள் செலவிடும் பணத்தையும் பொழுதையும் கொண்டு அவ்விடத்தின் மதிப்பை ஊகிப்பது. விடுமுறை நாளில் சோற்றுப் பொட்டலத்துடன் வேன் பிடித்து அசகான் நீர்வீழ்ச்சிக்குப் போகும் குடும்பமும் இக்கணக்கில் சேரும். 1997-இல் ராபர்ட் கோஸ்டன்ஸாவும் அவருடைய சகாக்களும் உலக இயற்கை முழுவதும் தரும் பயன்களுக்கே கணக்கிட்டு, ஆண்டுக்குச் சராசரி 33 இலட்சம் கோடி டாலர் என்றார்கள். பிரமிக்கத்தக்க தொகைதான், ஆனால் மலாக்காவின் ஜாசின் மாவட்டத்தில் ஓர் ஓடையை மூடலாமா என்று தீர்மானிக்க அது உதவாது.

மக்களிடமே சென்று, ‘இதைக் காப்பாற்ற நீங்கள் எவ்வளவு கொடுப்பீர்கள்?’ என்று கேட்பது இன்னொரு வழி. மாதச் சம்பளத்தில் பிள்ளைகளின் பள்ளிச் செலவும் கடன் தவணையும் போக மிச்சத்தை எண்ணும் தோட்டக் குடும்பம் ஐந்து வெள்ளி என்று சொல்லும். ஆயர் குரோவில் பங்களாவில் வசிப்பவர் ஐம்பது என்பார். ஓடையை நம்பி ஜீவிப்பவர் யார், எப்போதாவது பார்த்து ரசிப்பவர் யார் என்பது அத்தொகைகளில் தலைகீழாகிவிடுகிறது.

தோட்டத் தொழிலாளர் குடியிருந்த லயத்துக்குப் பின்னால் ஓடிய ஓடையையே எடுத்துக்கொள்வோம். அதன் கரையில் மாடு மேய்ந்தது. பால் சைக்கிளில் வெளியே போய்க் காசாகத் திரும்பிற்று. கால்வாயில் விரால் கிடைத்தது, மேட்டில் பசலையும் முருங்கையும் தழைத்தன, காய்ந்த பால்மரக் கிளை அடுப்புக்கு உதவிற்று. தோட்டம் வீடமைப்புத் திட்டத்துக்குக் கைமாறும்போது மதிப்பீட்டாளர் நிலத்துக்கும் பயிருக்கும் கட்டடத்துக்கும் தொகை போடுவார். இவற்றையெல்லாம் தலைமுறை தலைமுறையாக அனுபவித்தவனிடம் பத்திரம் இல்லை, பத்திரம் இல்லாததற்கு மதிப்பு பூஜ்யம்.

கணக்கிட்டுவிட்டால் மட்டும் காரியம் முடிந்துவிடுமா? நீலகிரி மாவட்டத்துக் கூடலூர்க் காடு அழிவதைக் கண்டு நிலம்பூர் கோவிலகத்தைச் சேர்ந்த கோதவர்மன் திருமுல்பாட் 1995-இல் தொடுத்த வழக்கு, இந்திய உச்ச நீதிமன்றத்தில் ஆண்டுக்கணக்கில் நடந்து, காட்டு நிலத்தை வேறு உபயோகத்துக்கு மாற்றுவோர் அதன் நிகர மதிப்பைச் செலுத்த வேண்டும் என்ற நிலைமையை உண்டாக்கிற்று. 2008-இல் அது ஹெக்டேருக்கு 4.38 இலட்சம் முதல் 10.43 இலட்சம் ரூபாய் வரை என நிர்ணயிக்கப்பட்டது. பூஜ்யத்தைவிட இது எவ்வளவோ மேல். ஆயினும் பணத்தைக் கட்டிவிட்டு மரத்தை வெட்டுவதற்கான அனுமதிச் சீட்டாகவும் அது ஆகிப்போயிற்று. மலேசிய சர்க்கார் வேறொரு மார்க்கத்தில், காட்டைக் காக்கும் மாநிலங்களுக்கு மானியமாக 2019 வரவு செலவுத் திட்டத்தில் 60 மில்லியன் வெள்ளி ஒதுக்கி, 2025-இல் அதை 250 மில்லியனாக உயர்த்தியிருக்கிறது. காட்டில் பெரும்பகுதியை எப்போதோ இழந்துவிட்ட மலாக்கா இதில் பெரிய பங்கை எதிர்பார்ப்பதற்கில்லை.

மதிப்பிடுவது அவசியம் என்பதே என் அபிப்பிராயம். எண் இல்லாத இடத்தில் அதிகாரிகள் பூஜ்யத்தை எழுதிவிடுகிறார்கள். ஆனால் அந்த எண் விற்பனை விலையாகிவிடக் கூடாது, ஏழையின் பங்கு அதில் விடுபடவும் கூடாது. பெருந்திட்டங்களின் சுற்றுச்சூழல் தாக்க அறிக்கையில் பொருளாதார மதிப்பீடும் இடம்பெறுவதற்குச் சுற்றுச்சூழல் இலாகா 2008-இலேயே வழிகாட்டி வெளியிட்டுள்ளது. அவ்வறிக்கைகளில் முக்கியமானவை பொதுமக்கள் பார்வைக்கு வைக்கப்பட்டு, எழுத்துமூலமாகக் கருத்தும் கேட்கப்படுகிறது. ஆகவே, தோட்டத்துக் கோயில் நிர்வாகத்தாரும் தமிழ்ப்பள்ளிப் பெற்றோர் சங்கத்தாரும் அடுத்த முறை அத்தகைய அறிவிப்பைக் காணும்போது, தங்கள் ஓடையில் எத்தனை மாடு தண்ணீர் குடிக்கிறது, எத்தனை வீட்டுக் கிணறு அதனால் ஊறுகிறது என்பதைக் கணக்கெடுத்து, தவணைக்குள் எழுதி அனுப்ப வேண்டுகிறேன்.