கீசகனும் கொலாஜனும்

ஆம்பூரில் தோல் பதனிடும் ஷாப்பு பக்கம் போனவர்களுக்கு ‘வெட் ப்ளூ’ பழக்கமான காட்சி. குரோமியம் உப்பில் ஊறி, வெளிர்நீலமாக, ஈரத்தோடு அடுக்கிக் கிடக்கும் தோல். தோலில் கொலாஜன் என்ற புரத இழைகள் மூன்று மூன்றாக முறுக்கிக்கொண்டு கிடக்கின்றன. குரோமியம் அவற்றுக்குக் குறுக்கே பாலம் போட்டுக் கட்டிவிடுகிறது. அப்புறம் தோல் அழுகாது, வெந்நீரிலும் எளிதில் சுருங்காது. கட்டாமல், சுண்ணாம்பில் ஊறவைத்து வெந்நீரில் காய்ச்சினாலோ முறுக்கு அவிழ்ந்து அதே கொலாஜன் கரைந்துபோகும். அந்தக் கரைசல்தான் ஜெலட்டின். சினிமாவின் படச்சுருள் அதை நம்பிப் பிறந்தது.

தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படமான ‘கீசக வத’த்தை 1917-18 வாக்கில் எடுத்த ஆர். நடராஜ முதலியார் வேலூரில் 1885இல் பிறந்தவர். மோட்டார் வாகன வியாபாரத்தில் இருந்தவர், பூனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயரிடம் காமிரா பிடிக்கப் பழகினார். சென்னை கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் சாலையில் ஸ்டுடியோ போட்டார். அங்கே வெயில்தான் விளக்கு. மேலே மெல்லிய வெள்ளைத்துணி கட்டி அதை வடிகட்டினார். காட்சிகளை அமைக்க ரவிவர்மா ஓவியங்களைப் பார்த்துக்கொண்டார். வியாபாரிக்குள் ஓர் ஓவியன் இருந்தான் என்றே எனக்குப் படுகிறது.

படத்தின் நீளம் சுமார் 6,000 அடி. அடிக்கு 16 சட்டகம் என்றால் 96,000 படங்கள். ஒவ்வொன்றிலும் வெள்ளி உப்பின் நுண்துகள்களைப் பிடித்துக்கொண்டிருப்பது ஜெலட்டின் படலம். நீரில் அது உப்பி, உருத்துலக்கும் மருந்தை உள்ளே விடும். துகளை மட்டும் நகரவிடாது. வேறு எந்தப் பசைக்கும் இந்தச் சாமர்த்தியம் அவ்வளவாக வரவில்லை. ஆனால் நீரில் ஊறிய ஜெலட்டின் 30 டிகிரியைத் தாண்டினாலே இளக ஆரம்பிக்கும். சென்னைக் கோடையில் குழாய்த் தண்ணீரே அந்தச் சூட்டில் வரும்! முதலியார் படம் கழுவும் கூடத்தைக் குளிர்ச்சியான பெங்களூரில் வைத்து, வாரக்கடைசிகளில் போய்வந்ததற்குக் காரணம் இதுதான்.

வெப்ப நாடுகளில் படம் கழுவியவர்களிடம் இன்னொரு வழியும் இருந்தது. குரோமியப் படிகாரக் கரைசலில் முக்கினால் ஜெலட்டின் இறுகி, சூட்டைத் தாங்கும். ஆம்பூரில் தோலுக்கு நடக்கும் அதே குறுக்குக்கட்டுதான். படச்சுருளை லேசாகப் பதனிட்டார்கள் என்று சொன்னால் தப்பில்லை.

கீசக வதத்தின் ஒரு பிரதிகூட இன்று இல்லை. ஜெலட்டின் பூசப்பட்டிருந்த அடிப்படலம் செல்லுலோஸ் நைட்ரேட். தனக்கு வேண்டிய ஆக்ஸிஜனைத் தன்னுள்ளேயே வைத்திருப்பதால் பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும். 1923 வாக்கில் மகனையும் ஸ்டுடியோவையும் இழந்த முதலியார் படத்தொழிலை விட்டார். அவர் நம்பியிருந்த ஜெலட்டினின் ஒரு புதிர் அதற்குப் பிறகே அவிழ்ந்தது. ஒரே மாதிரி காய்ச்சினாலும் சில ஜெலட்டினில் மட்டும் படம் ஏன் சீக்கிரம் பதிகிறது என்று கோடக் ஆய்வாளர் ஷெப்பர்ட் 1925இல்தான் கண்டுபிடித்தார்: மாடு மேய்ந்த கடுகுச் செடியிலிருந்து தோலுக்கு வந்து சேர்ந்த கந்தகம்.