மாதவிலக்கு நிற்கும் வயசில்

பனியன் கம்பெனியில் செக்கிங் பண்ணும்போது திடீர்னு முகம் சூடேறி வேர்க்கிறதா? ராத்திரி தூக்கம் கெடுகிறதா? 45 வயசை ஒட்டி இப்படி வந்தால் பெரும்பாலும் நோயல்ல. கருமுட்டைப் பையில் சுரக்கும் ஈஸ்ட்ரோஜன் ஹார்மோன் சில வருஷம் ஏறி இறங்கி, பிறகு குறைந்துவிடுகிறது. 12 மாதம் தொடர்ந்து மாதவிலக்கு வராவிட்டால், நின்றுவிட்டது என்று அர்த்தம்.

ஈஸ்ட்ரோஜன் நம் எலும்புக்குக் காவல். அது குறைந்தால் எலும்பு பலம் இழக்கும். ராகி, கீரை, மோர் சேர்ப்போம், தினமும் நடப்போம். தொந்தரவு அதிகமானால் டாக்டரிடம் கேட்போம், சிகிச்சை உண்டு.

முக்கியமானது ஒன்று. நின்று ஒரு வருஷமான பிறகு துளி ரத்தம் பட்டாலும், "மறுபடி தூரம் வந்துட்டுது" என்று சும்மா இருக்கக் கூடாது. அது கர்ப்பப்பைப் புற்றுநோயின் அறிகுறியாகவும் இருக்கலாம். ஒரு நாள் கூலி போனாலும் பரவாயில்லை, உடனே அரசு மருத்துவமனையில் காட்டுவோம். அடுத்த குழுக் கூட்டத்தில் இதைப் பேசுவோம்.